காலைக்காட்சிப் படங்கள்: வரலாறும் எச்சமும்

1. தோற்றுவாய்

தமிழ்த் திரைப்பட வரலாறு எழுதப் புகுந்தோர் அதனைப் புராணப் படம், சமூகப் படம், அரசியற் படம் எனப் பகுத்து ஆராய்ந்துள்ளனர். இப்பகுப்பினுள் அடங்காத தொகுதி ஒன்று உண்டு. நகரக் கொட்டகைகளில் முற்பகலில் மட்டும் ஓடி, சுவரொட்டிகளிற் கிழிபட்டு, வீட்டார் முன்னிலையிற் பெயர் சொல்லப்பெறாமல் மறைந்த படங்களின் தொகுதி அது. மேலைநாட்டார் இத்தகைய படங்களுக்கு ஒரு தனிப் பெயர் இட்டு, அவற்றின் தோற்றம், வாணிகம், விளைவு ஆகியவற்றைப் பல்கலைக்கழக ஆய்வுப் பொருளாகக் கொண்டுள்ளனர். நம் துறைகளிலோ இதுபற்றிய ஆய்வு மிக அருகியே காணப்படுகின்றது.

இப்படங்கள் எவ்வாறு தோன்றின, எவ்வாறு பரவின, எதனை விட்டுச் சென்றன என்பவற்றை இக்கட்டுரையில் சுருங்க ஆராயப் புகுகின்றோம். ஆய்வுக் களமாக விழுப்புரத்திற்குக் கிழக்கே புதுவைச் சாலையில் உள்ள கோலியனூரையும், விழுப்புரம், திண்டிவனம், செஞ்சி ஆகிய ஊர்களைச் சூழ்ந்த நாட்டுப்புறத்தையும் கொள்கின்றோம். ஊராட்சி ஒன்றியத் தலைமையிடமாகவும் புத்துவாயம்மன் கோயிலாற் பெயர்பெற்ற ஊராகவும் விளங்கும் கோலியனூர் திரைப்பட வரலாற்றில் தனியிடம் பெற்றதன்று. எனினும் இவ்வட்டார மக்கள் மூவகை அரங்கினை அறிந்தவர்கள். விடிய விடிய நிகழும் தெருக்கூத்துக் களம் ஒன்று. துணிக்கூரை வேய்ந்த டூரிங் கொட்டகை மற்றொன்று. நகரத்துக் கற்கட்டடக் கொட்டகை பிறிதொன்று. இம்மூன்றையும் ஒருங்கு வைத்து நோக்கினாலன்றிக் காலைக்காட்சிப் படத்தின் இயல்பு தெளிவாகாது என்பது எமது கருத்து.

2. சொல்லும் பொருளும்

இவ்வகைப் படங்களை ஆங்கிலத்தார் 'எக்ஸ்பிளாய்ட்டேஷன்' படம் என்பர். இச்சொல்லைத் தமிழிற் 'சுரண்டல்' எனப் பெயர்த்தல் எளிது. ஆயின் அமெரிக்கத் திரைப்பட வாணிகத்தில் இச்சொல் முதற்கண் பெற்ற பொருள் வேறு. வழக்கமான விளம்பரத்திற்கு மேலாகச் செய்யும் தனி விளம்பர முயற்சியையே அஃது உணர்த்திற்று. புகழ்பெற்ற நடிகரோ பெருஞ்செலவோ இல்லாத படம் அத்தகைய விளம்பரத்தினால் மட்டுமே ஓடும். ஆகவே அவ்வகைப் படத்திற்கே அச்சொல் பெயராயிற்று. 1919 முதல் 1959 வரை வெளிவந்த இத்தகைய படங்களை ஆராய்ந்த எரிக் ஷேபர் 1999-இல் வெளியிட்ட நூலில் இச்சொல் வரலாற்றைத் தெளிவுறுத்தியுள்ளார். பிறர் உழைப்பையும் உடலையும் தன்னலத்திற்குப் பயன்கொள்ளுதல் என்னும் பொருளே தமிழிற் 'சுரண்டல்' என்னும் சொல்லுக்குரியது. மொழிபெயர்ப்பு என்ற அளவில் அது பிழைபடினும், பொருளுண்மையைத் தொடுகின்றது என்பது பின்னர்ப் புலனாகும்.

மக்கள் வழக்கில் இப்படங்கள் பெற்ற பெயர்கள் மொழியாராய்ச்சிக்கு விருந்தாவன. 'காலைக்காட்சிப் படம்' என்பது காலவாகுபெயரை ஒத்த வழக்கு. சென்னையில் 'பரங்கிமலை ஜோதி' என்னும் கொட்டகைப் பெயரே அங்குக் காட்டப்பெற்ற படவகையைக் குறித்து நின்றமை இடவாகுபெயர். 'பலான படம்' என்னும் வழக்கு இவற்றுள் மிக நுண்ணியது. 'பலான' என்பது அரபு மொழியில் 'இன்னார்' எனப் பொருள்படும் சொல். உருது வழியாகத் தென்னாட்டு மொழிகளிற் புகுந்தது. பெயர் சொல்லாமற் சுட்டுவதற்கென்றே அமைந்த சொல்லைப் பெயர் சொல்லத் தகாத படத்திற்கு வைத்தனர் மக்கள். அவையில் கூறத்தகாதனவற்றை மறைத்துக் கூறுக எனத் தொல்காப்பியர் 'அவையல் கிளவி' பற்றி வகுத்த நெறியும், பிற்காலத்தார் 'இடக்கரடக்கல்' என வழங்கிய இலக்கணமும் இன்றும் உயிருடன் இயங்குவதற்கு இஃதொரு சான்று.

'மலையாளப் படம்' என்னும் வழக்கு மட்டும் நடுநிலை பிறழ்ந்தது. 'செம்மீன்' (1965) போன்ற படங்களை ஈன்ற ஒரு மொழியின் பெயரை, அம்மொழியிற் சில ஆண்டுகள் மிகுந்து வந்த ஒரு படவகைக்கு இட்டு வழங்குதல், அயலார்மேற் பழியை ஏற்றித் தான் ஒதுங்கிக்கொள்ளும் சொல்லாட்சியாகும். அப்படங்களுக்குப் பணம் கொடுத்தவருள் தமிழகத்துப் பார்வையாளர் தொகையும் சிறிதன்று.

3. மேலைநாட்டு வரலாறு

இப்படவகையின் தொன்மையை உணர அமெரிக்க வரலாறு துணைபுரியும். பெண்களைக் கடத்தி விற்கும் கொடுமையைக் கதையாகக் கொண்ட 'டிராபிக் இன் சோல்ஸ்' 1913-இலும், பால்வினை நோயைப் பற்றிய 'டேமேஜ்டு குட்ஸ்' 1914-இலும் வெளிவந்தன. சீர்திருத்தம் என்னும் போர்வையும் காட்சி ஆவலும் இணைந்து வாணிகமாதலை இவை முதலிற் காட்டின. பெரும்படநிறுவனங்கள் 1930-இல் ஓர் ஒழுக்க விதித்தொகுதியை ஏற்று, 1934 முதல் அதனைக் கண்டிப்பாக நடைமுறைப்படுத்தின. 1968-இல் தர வகைப்பாட்டு முறை வரும்வரை அவ்விதி நிலவியது. விதி தடுத்த பொருள்களையே சிறுபட வாணிகர் தம் முதலாகக் கொண்டனர். விலக்கு மிகமிக விலக்கப்பட்ட பொருளின் விலையும் மிகுந்தது.

இவ்வாணிகத்தின் உச்சம் 1945-இல் கிரோகர் பாப் என்பார் வெளியிட்ட 'மாம் அண்டு டாடு' என்னும் படம். ஆடவர்க்கும் பெண்டிர்க்கும் தனித்தனிக் காட்சிகள் வைக்கப்பெற்றன. இடையில் 'எலியட் ஃபோர்ப்ஸ்' என்னும் பெயருடைய 'அறிஞர்' ஒருவர் தோன்றி உடல்நலச் சொற்பொழிவு ஆற்றுவார். பின்னர் நூல்கள் விற்கப்படும். அதே பெயரில் ஒரே நேரத்திற் பல ஊர்களிற் பலர் தோன்றினர் என்பது குறிக்கத்தக்கது. இப்படத்தையே 2005-இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டிற் பாதுகாக்கத்தக்கதாகச் சேர்த்துள்ளனர். இகழப்பட்ட பொருளும் காலத்தின் ஆவணமாதல் கூடும் என்பதற்கு இது சான்று.

இத்தகைய படங்களுக்கு அந்நாட்டில் இருவகைப் படிகள் இருந்தன. அதிகாரிகள் கடுமை காட்டும் ஊர்களில் அடக்கமான படியும், நெகிழ்ந்த ஊர்களில் மிகைக்காட்சி இணைத்த படியும் ஓட்டினர். நம் நாட்டுப் 'பிட்டு' முறைக்கு இஃது உறவுடையது என்பதைக் கீழே காண்போம்.

வன்முறைக் காட்சியை முதலாகக் கொண்ட கிளையும் இதனின்று தழைத்தது. இத்தாலிய இயக்குநர் ருக்கெரோ தெயோதாத்தோவின் 'கானிபால் ஹோலோகாஸ்ட்' (1980) கைப்பற்றப்பட்டபோது, அதில் இறந்தனர் போலக் காட்டப்பெற்ற நடிகர் உயிருடன் இருப்பதை அவர் மெய்ப்பிக்க வேண்டியதாயிற்று. அப்படத்தில் விலங்குகள் உண்மையாகவே கொல்லப்பட்டமை இன்றளவும் கண்டிக்கப்படுகின்றது. பொய்க்காட்சி எது, மெய்த்துன்பம் எது என்னும் வினா இப்படவகை முழுமைக்கும் அடிப்படை வினாவாகும்.

4. சென்னை மாகாணமும் தணிக்கையும்

இந்தியாவில் 1918-இல் திரைப்படச் சட்டம் இயற்றப்பெற்றது. 1920-இல் சென்னை உள்ளிட்ட மாகாணத் தலைநகரங்களில் தணிக்கைக் குழுக்கள் அமைந்தன. மேலைநாட்டுப் படங்களால் மக்கள் ஒழுக்கம் கெடுகின்றது என்னும் குரல் 1920-களில் ஓங்கியது. அக்குரலில் அரசியலும் கலந்திருந்தது. வெள்ளையர் வாழ்க்கையின் இழிந்த பக்கங்களைக் காணும் இந்தியர் ஆள்வோரை மதியார் என அஞ்சினர் பலர். இதனை ஆராய 1927-இல் அமைந்த இந்தியத் திரைப்பட விசாரணைக் குழுவிற்குச் சென்னை வழக்கறிஞர் திவான் பகதூர் டி. ரங்காச்சாரியார் தலைவரானார். நாடெங்கும் சென்று முந்நூற்றுக்கு மேற்பட்டோரிடம் வாய்மொழிச் சான்று பெற்ற அக்குழு 1928-இல் தன் அறிக்கையை அளித்தது. திரைப்படத்தின் தீமை பற்றிய அச்சம் மிகைப்பட்டது என்பதே அதன் முடிவின் சாரம். தணிக்கை வேண்டும் என்றும், அதனினும் இந்தியப் படத்தொழிலை வளர்த்தல் வேண்டும் என்றும் அது கூறிற்று. அக்குழுவின் சான்றுத் தொகுதிகள் அக்காலத்துக் கொட்டகை மக்களை அறிதற்குரிய அரிய கருவூலம்.

பேசும்படம் வந்தபின், கதையினும் உடற்செயலை நம்பிய 'ஸ்டண்டு' படங்கள் தமிழிலும் தோன்றின. கே. அமர்நாத் இயக்கத்தில் கே. டி. ருக்மணி நடித்த 'மின்னல்கொடி' (1937), டார்சான் கதையைப் பின்பற்றிய 'வனராஜ கார்ஸன்' (1938) ஆகியன இவ்வகையின. வாள் ஏந்திய பெண்ணையும் காட்டில் வாழும் குறையாடை மாந்தரையும் காட்டிய இவற்றைக் கற்றோர் இகழ்ந்தனர். தரை டிக்கெட்டு மக்கள் விரும்பினர். கற்றோர் இகழ்ச்சிக்குப் பின்னே கொட்டகையில் எல்லாச் சாதியாரும் ஒருங்கு அமர்வதைப் பற்றிய கலக்கமும் இருந்தது என எம். எஸ். எஸ். பாண்டியன் 1996-இல் எழுதிய ஆராய்ச்சிக் கட்டுரை விளக்குகின்றது. ஆகவே 'இழிந்த படம்' என்னும் தீர்ப்பை நோக்கும்பொழுது, தீர்ப்புரைத்தவர் அமர்ந்திருந்த இருக்கையையும் நோக்குதல் வேண்டும்.

விடுதலைக்குப் பின் 1949-இல் சட்டம் திருத்தப்பெற்று, யாவர்க்கும் உரிய படம் 'யு' என்றும் வயது வந்தோர்க்கு மட்டும் உரியது 'ஏ' என்றும் பகுக்கப்பட்டன. 1952-இல் புதிய சட்டம் வந்தது. 'ஏ' என்னும் ஓரெழுத்து காவலாகக் கருதப்பெற்று, நாளடைவில் விளம்பரமாயிற்று. சுவரொட்டியில் அவ்வெழுத்தைப் பெரிதாகப் பொறித்தல் வாணிக உத்தியாக மாறியமை, மேலே கூறிய 'விலக்கே விலை' என்னும் நெறியின் தமிழகப் பதிப்பு.

5. எழுபதுகளின் எல்லைக்கோடு

ஜி. டி. கோஸ்லா தலைமையிலான குழு 1969-இல் தணிக்கையைத் தளர்த்தப் பரிந்துரைத்தது. அடுத்த ஆண்டு கே. ஏ. அப்பாஸ் தொடுத்த வழக்கில் உச்சநீதிமன்றம் முன்தணிக்கை செல்லும் எனத் தீர்ப்பளித்தது. எனினும் பாலுணர்வும் ஆபாசமும் எஞ்ஞான்றும் ஒன்றல்ல என்றும் அது தெளிவுறுத்திற்று. இக்காலத்தே பாலியலைப் பொருளாகக் கொண்ட படங்கள் பல மொழிகளிற் பெருகின. இந்தியில் 'சேதனா' (1970), 'குப்த் ஞான்' (1974) ஆகியன வந்தன. தமிழில், குடும்பத்தைக் காக்கப் பரத்தைமை பூணும் பெண்ணைக் காட்டிய கே. பாலசந்தரின் 'அரங்கேற்றம்' (1973) பெருங்கண்டனத்தை எழுப்பிற்று. பால்வினை நோயைப் பேசிய ஆர். சி. சக்தியின் 'உணர்ச்சிகள்' 1976-இல் வந்தது. ஒளிப்பதிவாளர் கர்ணன் இயக்கிய 'காலம் வெல்லும்' (1970), 'கங்கா' (1972), 'ஜக்கம்மா' (1972) ஆகியன குதிரை, துப்பாக்கி, பழிவாங்கல் என்னும் வேறொரு கிளையைச் சார்ந்தன. அவர் பின்னர் இயக்கிய 'ஜம்பு' (1980) உடற்காட்சியால் பேசப்பட்டது.

இவை அனைத்தையும் ஒரே பெயரில் அடக்குதல் பொருந்தாது. துணிந்த பொருளுடைய படத்தையும் சுரண்டற் படத்தையும் பிரித்தறிய மூன்று அளவைகளைக் கொள்ளலாம் எனக் கருதுகின்றோம். முதலாவது, விளம்பரம் கூறுவதும் படம் கூறுவதும் ஒன்றா என்பது. இரண்டாவது, காட்டப்படும் உடற்காட்சி கதைப்பொருளுக்கு இன்றியமையாததா என்பது. மூன்றாவது, நடித்தவர் எதற்கு உடன்பட்டார், பயனை யார் பெற்றார் என்பது.

ஐ. வி. சசி இயக்கிய மலையாளப் படமான 'அவளுடெ ராவுகள்' (1978) இவ்வளவைகளின் பயனை விளக்கும். தம்பியைப் படிக்க வைக்க உடலை விற்கும் ஓர் ஆதரவற்ற பெண்ணின் துயரமே அதன் கதை. சீமா அப்பாத்திரத்தைத் திறம்பட நடித்தார். ஆயின் மேற்சட்டை மட்டும் அணிந்து நிற்கும் அவர் உருவம் பொறித்த சுவரொட்டியே நாடெங்கும் நினைவில் நின்றது. தமிழகத்தில் 'அவளோட ராவுகள்' எனத் திரிந்து, கதை அறியாதார் வாயிலும் அது நகைச்சொல்லாயிற்று. இங்குப் படம் ஒன்றாகவும் அதன் விளம்பர வாழ்வு வேறொன்றாகவும் பிரிந்தன. சுரண்டல் படத்திற்குள் மட்டும் நிகழ்வதன்று. படத்திற்கு வெளியே, விற்கும் இடத்திலும் நிகழும் என்பது இதனாற் போதரும்.

6. கொட்டகையின் நடைமுறை

'ஆதிபாபம்' (1988), 'லயனம்' (1989) முதலியவற்றால் வளர்ந்து, ஷகீலா நடித்த 'கின்னாரத்தும்பிகள்' (2000) வெற்றியால் உச்சமுற்ற மலையாளப் படவலை, மொழிமாற்றம் பெற்றுத் தமிழகத்திலும் பரந்தது. அதற்கு இடம் கொடுத்தது காலைக்காட்சி என்னும் அமைப்பு.

டூரிங் கொட்டகையிற் காலைக்காட்சி இல்லை. துணியும் கீற்றும் வேய்ந்த கூரையின்கீழ்ப் பகலில் இருள் அமையாது. ஆகவே மாலையும் இரவுமே அங்குக் காட்சி. ஊரார் குடும்பத்தோடு மணலில் அமர்ந்து கண்ட அவ்வரங்கில் யாரும் யார்க்கும் மறைவிலர். முற்பகலில் இருளைத் தர வல்லது நகரத்துக் கற்கட்டடமே. கோலியனூர் போன்ற ஊரினின்று விழுப்புரத்திற்குப் பேருந்தேறிச் செல்பவன் அங்குத் தன்னை அறிவாரின்றி இருந்தான். இருளும் அறியாமையும் சேர்ந்த இடத்திலேயே இவ்வாணிகம் வேர்கொண்டது.

பொருளியற் காரணமும் உண்டு. புதுப்படம் பிற்பகல், மாலை, இரவு என மூன்று காட்சிகளை நிரப்பும். முற்பகலில் இருக்கைகள் வறிதே கிடக்கும். பழைய படத்தையோ மொழிமாற்றுப் படத்தையோ சிறு வாடகைக்குப் பெற்று அவ்வேளையில் ஓட்டினால், வருவதெல்லாம் ஊதியம். தொலைக்காட்சியும் ஒளிநாடாவும் பரவிக் குடும்பத்தார் வருகை குறைந்தபின், நலிந்த கொட்டகைகள் பல இவ்வருவாயால் உயிர்தாங்கின.

'பிட்டு' என்பது துண்டு எனப் பொருள்படும் ஆங்கிலச் சொல்லின் திரிபு. தணிக்கைச் சான்று பெற்ற படத்தினிடையே, சான்று பெறாத துண்டுப்படச் சுருளை ஒட்டி ஓட்டுதலே பிட்டு ஓட்டுதல். 35 மில்லிமீட்டர்ப் படச்சுருள் நிமிடத்திற்கு 90 அடி வீதம் ஓடும். ஐந்து நிமிடத் துண்டிற்கு 450 அடி போதும். அதனைப் படம் ஓட்டுபவர் கைப்பையில் வைத்துக்கொள்ளலாம். ஆய்வாளர் வந்தால் ஓட்டாது விடலாம். கதைக்கும் துண்டிற்கும் தொடர்பில்லை. துண்டில் தோன்றுபவர் கதைமாந்தரும் அல்லர். சான்று பெற்றபின் படத்தை மாற்றி ஓட்டுதல் 1952-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 7-ஆம் பிரிவின்படி தண்டனைக்குரியது. எனினும் சட்டம் தாளிலும் துண்டு பெட்டியிலும் இருந்தன. வங்கதேசத்தில் இதே வழக்கத்தைக் களத்திலிருந்து ஆராய்ந்த லோட்டே ஹூக் என்பார் 2014-இல் தனிநூல் வெளியிட்டுள்ளார். தமிழகத்துப் பிட்டு வழக்கிற்கும் அத்தகைய விரிவான நூலொன்று வேண்டும்.

இவ்வழக்கத்தை ஒழித்தது அறவுரையன்று. இணையம் தனியறையில் அனைத்தையும் தந்தபின், இருட்கொட்டகைக்குச் செல்லும் தேவை குன்றியது. 2010-களில் படச்சுருள் நீங்கி மின்னியற் கோப்பு வந்தபோது, ஒட்டுதற்குச் சுருளே இல்லாதொழிந்தது.

7. கூத்துக்களமும் கொட்டகையும்

ஈண்டு ஓர் ஒப்புமை இன்றியமையாதது. செஞ்சியைச் சூழ்ந்த இவ்வட்டாரம் திரௌபதியம்மன் வழிபாட்டின் நடுநிலம். பாரதத் திருவிழாவிற் கூத்து நிகழும் இரவுகளுள் ஒன்று துகிலுரிதற்குரியது. ஒரு பெண்ணின் ஆடையை அவையில் களையும் கொடுமையே அவ்விரவின் பொருள். காட்சிப்பொருள் என்ற அளவில் இதனினும் கடியது காலைக்காட்சிப் படத்தில் இல்லை. தென்னாட்டின் முதற் கதைப்படமாகிய, ஆர். நடராஜ முதலியாரின் 'கீசகவதம்' என்பதும் திரௌபதியை விழைந்தவன் அழிந்த கதையே. 1910-களின் பிற்பகுதியில் எடுக்கப்பெற்ற அப்படம் இன்று கிடைத்திலது.

கூத்திற் கட்டியக்காரன் கூறும் கொச்சை நகைகள் பல, எவ்வகைத் தணிக்கைக்கும் தப்பா. ஆகவே கூத்துத் தூயது, படம் இழிந்தது எனப் பிரித்தல் எளிமைப்படுத்தலாகும். வேறுபாடு பிறிதோரிடத்தில் உள்ளது. கூத்திற் பாஞ்சாலியாக நிற்பவர் ஆடவர். எப்பெண்ணின் உடலும் அங்கு விலையாவதில்லை. துச்சாதனன் வேடம் பூண்டவர் அம்மனை வணங்கிப் பிழைபொறுக்க வேண்டிய பின்னரே துகிலைப் பற்றும் வழக்கம் உண்டு. கற்பூரம் ஏற்றப்படுவதும் உண்டு. எல்லாவற்றினும் மேலாக, பாஞ்சாலி அவையோரை நோக்கி நீதி கேட்கின்றாள். களத்தைச் சூழ்ந்திருக்கும் ஊராரே அக்கணத்தில் அவ்வவை. அவர்கள் காண்போர் மட்டும் அல்லர்; குற்றஞ்சாட்டப்பெற்றோரும் ஆவர். தாயும் மகளும் மகனும் அங்கு ஒருங்கே அமர்ந்துள்ளனர்.

காலைக்காட்சியிற் படக்கருவி நிற்குமிடம் துச்சாதனன் நிற்குமிடம். கேள்வி கேட்கும் பெண் அங்கில்லை. அவையிலும் பெண் இல்லை. ஆடவர் மட்டும் கூடி, ஒருவரை ஒருவர் நோக்காது அமர்ந்திருந்த அவை அது. அமெரிக்கத்தில் 'மாம் அண்டு டாடு' படத்திற்கு ஆடவர் பெண்டிரைப் பிரித்தமையும் இங்கு நினைக்கத்தக்கது. தொல்காப்பியர் அவையைச் சுட்டியே சொல்லின் தகுதியை வகுத்தார். அந்நெறியை ஒட்டிக் கூறின், ஒரு படத்தைச் சுரண்டற் படமாக்குவது அதில் உள்ள உடல் மட்டுமன்று. அதனைக் காண எத்தகைய அவை கூட்டப்படுகின்றது என்பதும் ஆகும்.

8. விலை கொடுத்தவர்

திரையிற் பெண் தோன்றியதே குற்றமாகக் கொள்ளப்பட்ட காலம் இருந்தது. மலையாளத்தின் முதற்படமாகிய ஜே. சி. டேனியலின் 'விகதகுமாரன்' (1928 என்றும் 1930 என்றும் கூறுவர்) படத்தில், ஒடுக்கப்பட்ட சாதியிற் பிறந்த பி. கே. ரோசி மேற்சாதிப் பெண்ணாக நடித்தார். அதனைப் பொறாத கூட்டம் அவரைத் தாக்கியது. அவர் ஊரைவிட்டுத் தமிழ்நாட்டுப் பக்கம் தப்பிச் சென்று, நடிப்பைத் துறந்து பெயர் மறைந்து வாழ்ந்தார். ஆபாசம் ஏதுமின்றியே ஒரு பெண் நாடிழந்தாள் எனின், 'ஒழுக்கக் காவல்' என்பதன் உள்ளீடு யாது என ஆராய வேண்டியுள்ளது.

'வண்டிச்சக்கரம்' (1980) படத்தில் சாராயக்கடைப் பெண்ணாகத் தோன்றிய விஜயலட்சுமிக்கு அப்பாத்திரப் பெயரே நிலைத்து 'சில்க்' ஸ்மிதா ஆனார். 'அலைகள் ஓய்வதில்லை' (1981) படத்திற் குடும்பப் பெண்ணாக அவர் காட்டிய நடிப்புத் திறம் வாணிகர்க்கு வேண்டப்படவில்லை. ஒரு பாடலுக்கு அவர் வந்தால் தேங்கிய படமும் விலைபோகும் என்பதே வேண்டப்பட்டது. 1996 செப்டம்பர் 23-இல், 35 அகவை நிரம்பிய நிலையில், சென்னையில் அவர் வாழ்வு முடிந்தது. 2011-இல் அவர் வாழ்வைத் தழுவியதாகக் கருதப்பெற்ற இந்திப்படம் 'தி டர்ட்டி பிக்சர்' பெரும்பொருள் ஈட்டிற்று. இறந்த பின்னும் வாணிகம் அவரை விட்டிலது.

ஷகீலாவின் வரலாறு வேறு திசையிற் சென்றது. தமிழிற் சிறுவேடங்களில் தொடங்கி, மலையாளத்திற் சில ஆண்டுகள் பெருநடிகர் படங்களோடு போட்டியிடும் வசூலை ஈட்டித் தந்தார். அவ்வலை ஓய்ந்தபின் தன்வரலாற்றை மலையாளத்தில் நூலாக வெளியிட்டார். பின்னர் விஜய் தொலைக்காட்சியின் 'குக்கு வித் கோமாளி' இரண்டாம் பருவத்தில் (2020–21) தோன்றினார். முன்பு எந்த வீட்டில் அவர் பெயர் வாயெடுத்துச் சொல்லப்பெறவில்லையோ, அதே வீட்டார் குடும்பத்தோடு அமர்ந்து அவர் சமைப்பதைக் கண்டனர். இளையோர் அவரை 'அம்மா' என அழைத்தனர். அவை மாறிற்று, ஆகவே அவர் பெயரும் மாறிற்று. மேலே கூறிய கருத்திற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டா.

ஆயின் பெயர் பெற்ற இவ்விருவரினும் பெயரில்லாதவரே பலர். உடல்நகலாக நிறுத்தப்பெற்றவரும், எந்தப் படத்திற்கு என்றே அறியாமல் துண்டில் நடித்தவரும் வரலாற்றில் இல்லை. மலையாளப் படங்களைப் பற்றி 2024-இல் நூல் வெளியிட்ட தர்சனா ஸ்ரீதர் மினி, இவ்வாணிகத்தின் உழைப்பு நிலைகளை விரிவாக ஆராய்ந்துள்ளார். 'சுரண்டல்' என்னும் தமிழ்ச்சொல் மூலச்சொல்லின் பொருளினும் உண்மைக்கு அணித்தாயது என யாம் கூறியதன் காரணம் இங்கு விளங்கும்.

9. எச்சமும் ஆய்வாளர் கடமையும்

இப்படங்கள் விட்டுச்சென்ற எச்சம் மூவகைத்து. மொழியில் எஞ்சிய சொற்கள் ஒன்று. பெரும்படங்களில் இன்றும் தொடரும், கதைக்கு ஒட்டாத பாடற்காட்சி மற்றொன்று. பிட்டின் இலக்கணம் சான்றிதழ் பெற்று அங்கு வாழ்கின்றது. மூன்றாவது, உடன்பாடின்றிப் பரவும் பழந்துண்டுகளும், கணினியால் ஒருவர் முகத்தைப் பிறர் உடலில் பொருத்தும் புதுக்கொடுமையும் ஆகும். 2023-ஆம் ஆண்டுத் திருத்தச்சட்டம் வயது அடிப்படையில் 7, 13, 16 என நுண்பகுப்புச் செய்துள்ளது. அது திரையரங்கப் படத்தை ஆளும். கைப்பேசித் துண்டை ஆளாது.

இலக்கியத் துறையார்க்கு இவ்வாய்வு தகுமோ என வினவுவார் உளர். முத்துப்பழனியின் தெலுங்குக் காவியமாகிய 'ராதிகா சாந்த்வனம்' பெங்களூர் நாகரத்தினம்மாளால் 1910-இற் பதிப்பிக்கப்பெற்று, ஆபாசம் எனத் தடைசெய்யப்பட்டது. இன்று இலக்கியமாகக் கற்கப்படுகின்றது. விறலிவிடு தூதுகளை நாம் சிற்றிலக்கிய வகையிற் சேர்த்தே பயில்கின்றோம். காலைக்காட்சிப் படங்கள் இலக்கியமாகும் என்பது எமது வாதமன்று. ஒரு சமூகம் எதனை மறைவாகக் கண்டது, யார் செலவிற் கண்டது என்பதை அறியாமல் அதன் ஒழுக்க வரலாறு எழுதப்படாது என்பதே எமது வாதம்.

முதுகலை மாணவர் செய்யத்தக்க பணிகள் சில உள. தணிக்கை முடிவுகளும் வெட்டப்பெற்ற காட்சிகளின் அளவும் இந்திய அரசிதழில் வெளியிடப்பெற்று வந்தன. அவற்றினின்று ஓர் அட்டவணை தொகுக்கலாம். விழுப்புரம், திண்டிவனம் ஆகிய ஊர்களில் மூடப்பெற்ற கொட்டகைகளின் நாட்கணக்கேடு, துண்டறிக்கை, சுவரொட்டி ஆகியவை எடைக்குப் போகுமுன் படியெடுக்கப்படல் வேண்டும். படம் ஓட்டியோர், சீட்டு விற்றோர், சுவரொட்டி ஒட்டியோர் ஆகியோர் பலர் முதுமை எய்தியுள்ளனர். அவர்தம் வாய்மொழியைப் பதிவு செய்தல் உடனடித் தேவை. அக்காட்சிகட்கு ஒருபோதும் செல்லாத பெண்டிரிடமும் வினவுதல் வேண்டும். வாரந்தோறும் அச்சுவரொட்டியைக் கடந்து பள்ளிக்கும் சந்தைக்கும் நடந்தவர் அவர்களே.

இப்பணியில் ஒரு கட்டுப்பாடு வேண்டும். அகத்திணையிற் காதலர் பெயரைச் சுட்டிக் கூறலாகாது என்பது நம் பழைய நெறி. துண்டில் தோன்றிய பெண்களின் பெயரையோ ஊரையோ கண்டறிந்து வெளியிடுதல் ஆராய்ச்சி ஆகாது. அது பிட்டை மீண்டும் ஒருமுறை ஓட்டுவதாகும். படம் எடுத்தவர், விற்றவர், ஓட்டியவர், சான்றளித்தவர் ஆகியோரைப் பற்றி ஆவணம் கூறுவது அனைத்தையும் எழுதுக. உடலன்றிப் பிறிதொன்றும் அவ்வாணிகத்திற் கைவரப்பெறாதவரைப் பெயரின்றி விடுக. இந்நெறிக்கு உட்பட்டு இவ்வட்டாரக் கொட்டகை வரலாறு எழுதப்படுமாயின், அது தமிழ்த் திரைப்பட வரலாற்றின் விடுபட்ட ஏட்டை நிரப்பும்.